தன் காலில் நின்ற எழுத்தாளர்: கனேட்டோ ஷிண்டோவின் திரைவாழ்க்கை

திரைப்படம் பார்த்துத் திரும்புவோர் நடிகரின் பெயரைச் சொல்வர். சற்றுத் தேர்ந்தவர் இயக்குநரின் பெயரையும் சொல்வர். ஆனால், கதையைக் காட்சி காட்சியாக வகுத்து, யார் எங்கே நிற்பார், என்ன பேசுவார், எப்போது வாய் மூடியிருப்பார் என்பதையெல்லாம் முன்கூட்டியே தாளில் எழுதித் தந்தவர் யார் என்று கேட்போர் மிகச் சிலரே. வீட்டைக் கட்டிய கொத்தனாரையும் குடியிருப்பவரையும் அறிந்த ஊர், வரைபடம் போட்டவரை அறிவதில்லை. திரைக்கதை ஆசிரியரின் நிலையும் அத்தகையதே.

ஜப்பானியத் திரைப்பட வரலாற்றில் இந்நிலையை ஏற்க மறுத்த ஒருவர் இருந்தார். அவர் பெயர் கனேட்டோ ஷிண்டோ. 1912ஆம் ஆண்டு பிறந்து 2012ஆம் ஆண்டு மறைந்த அவர், நூறாண்டு நிறைந்த வாழ்வில் இருநூற்றுக்கும் மேற்பட்ட திரைக்கதைகளை எழுதினார். ஏறத்தாழ ஐம்பது படங்களைத் தாமே இயக்கினார். எனினும், எண்ணிக்கை கருதி அவரை இங்கு நினைவுகூரவில்லை. தாம் எழுத வேண்டியதைத் தாமே எழுதும் உரிமைக்காகப் பெருநிறுவனத்தின் நிழலை விட்டு வெளியேறி, வறுமையிலும் கடனிலும் உழன்று, அவ்வுரிமையை அறுபதாண்டுக் காலம் காத்துக்கொண்டவர் அவர். அவ்வுரிமை அவருக்கு எதற்காகத் தேவைப்பட்டது? அதற்காக அவர் கொடுத்த விலை என்ன? தமிழாசிரியர்களும் எழுத்துத் துறையில் ஆர்வமுள்ள மாணவர்களும் எண்ணிப் பார்க்கத்தக்க இவ்விரு வினாக்களுக்கும் அவர் வரலாற்றிலேயே விடை காண்போம்.

இழந்த வீடு

ஹிரோஷிமா மாநிலத்தில், இன்று ஹிரோஷிமா நகரத்தோடு இணைந்துவிட்ட இஷியுச்சி என்னும் சிற்றூரில், 1912ஆம் ஆண்டு ஏப்ரல் 22ஆம் நாள் ஷிண்டோ பிறந்தார். நான்கு பிள்ளைகளில் இளையவர். குடும்பம் நிலபுலன்களோடு வாழ்ந்த குடும்பம். தந்தையார் பிறர் வாங்கிய கடனுக்குப் பிணை நின்றார். கடன் வாங்கியவர் கட்டவில்லை. பிணை நின்றவரின் நிலமும் வீடும் போயின. நேற்றுவரை நிலத்துக்கு உரிமை கொண்டாடிய வீட்டுப் பெண்மணி, மறுநாள் பிறர் நிலத்தில் கூலி வேலைக்கு இறங்கினார். அவரே ஷிண்டோவின் தாயார். மகன் வளர்ந்து ஆளாவதைக் காணாமலேயே அவர் மறைந்தார்.

இவ்விழப்பு அவர் எழுத்தில் கடைசிவரை தங்கிவிட்டது. மண்ணில் குனிந்து உழைக்கும் பெண், வீட்டை இழக்கும் குடும்பம், பிழைத்திருப்பதே பெரும்பாடாகிய எளியோர் ஆகியோரை அவர் திரும்பத் திரும்ப எழுதினார். தம் தாயாரையும் இளமைக் காலத்தையும் நினைந்து அவர் எடுத்த படம், அவருடைய எழுபத்து நான்காம் வயதில், 1986ஆம் ஆண்டில் வெளிவந்தது.

கழிவுத்தாளில் கற்ற கலை

1933ஆம் ஆண்டு, ஒனோமிச்சி என்னும் துறைமுக நகரில், காவல்துறையில் பணியாற்றிய தமையனாரின் வீட்டில் ஷிண்டோ தங்கியிருந்தார். அங்கு சடாவோ யாமனாக்கா இயக்கிய ஒரு படத்தைக் கண்டார். வாழ்ந்தால் திரைப்படத் துறையில்தான் வாழ்வது என்று அன்றே முடிவு செய்தார். மிதிவண்டிக் கடையில் வேலை செய்து பணம் சேர்த்து, மறு ஆண்டு கியோட்டோ நகருக்குச் சென்றார். அவர் உள்ளத்தில் தீயை மூட்டிய யாமனாக்காவோ, பின்னர்ப் படைக்கு அழைக்கப்பட்டு, 1938ஆம் ஆண்டு சீனப் போர்முனையில் இருபத்தெட்டாம் வயதில் நோயுற்று இறந்தார்.

கியோட்டோவில் ஷிங்கோ கினிமா என்னும் நிறுவனத்தில் ஷிண்டோவுக்குக் கிடைத்த வேலை, படச்சுருள்களை மருந்து நீரில் கழுவி உலர்த்தும் வேலை. ஈரமும் இருட்டுமான அறை. அங்கே ஒரு நாள் அவர் ஒன்றைக் கண்டார். படப்பிடிப்பு முடிந்த பழைய திரைக்கதைகளைக் கழிப்பறையில் துடைக்கும் தாளாகப் போட்டிருந்தனர். ஒரு படம் பிறப்பதற்கு முன் அது முழுமையாக எழுதப்படுகிறது என்பதை அத்தாள்களைப் பார்த்துத்தான் அவர் அறிந்துகொண்டார். அவற்றை வீட்டுக்கு எடுத்துச் சென்றார்; படித்தார்; படித்ததைத் திரையில் கண்டதோடு ஒப்பிட்டார். பிறர் எறிந்ததே அவருக்குப் பாடநூலாயிற்று.

1935ஆம் ஆண்டு அந்நிறுவனத்தின் ஒரு பிரிவு தோக்கியோவுக்கு மாறியபோது, கலைப் பிரிவில் ஓர் இடம் காலியாயிற்று. ஷிண்டோ அதில் உதவியாளராகச் சேர்ந்தார். காட்சிக்கான வீடுகளையும் தெருக்களையும் வரைந்து அமைப்பது பகல் வேலை. திரைக்கதை எழுதிப் பழகுவது இரவு வேலை. அஷியோ செம்புச் சுரங்கத்தின் நச்சுக் கழிவால் நிலத்தை இழந்த உழவர்களைப் பற்றி அவர் எழுதிய திரைக்கதை, ஒரு திரைப்பட இதழ் நடத்திய போட்டியில் பரிசு பெற்றது. பரிசு கிடைத்தது, படம் வரவில்லை. அதிகாரத்திலுள்ளோர் விரும்பாத பொருளை எழுதினால் அது தாளோடு நின்றுவிடும் என்னும் பாடத்தை இளமையிலேயே அவர் கற்றார்.

கடிந்துரைத்த ஆசான்

அந்நாளில் ஜப்பானில் புகழோடு விளங்கிய இயக்குநருள் ஒருவர் கென்ஜி மிசோகுச்சி. அவருடைய படங்களுக்குக் கலைப் பிரிவில் பணியாற்றிய ஷிண்டோ, தாம் எழுதிய ஒரு திரைக்கதையை அவரிடம் காட்டினார். மிசோகுச்சி முகம் பாராமல் தீர்ப்புரைப்பவர். இது திரைக்கதையன்று, வெறும் கதைச் சுருக்கம் என்னும் பொருள்பட அவர் சொல்லிவிட்டார். இளைஞரிடம் இத்துறைக்குரிய திறன் இல்லை என்பதும் அவர் கருத்து.

அக்காலத்தில் ஷிண்டோவின் மனைவியாக இருந்தவர் தாகாகோ. படப்பிடிப்பில் காட்சிக் குறிப்பெழுதும் பணியைச் செய்தவர் அவர். மனமுடைந்த கணவரை மீண்டும் எழுதச் சொன்னவர் அவரே. ஷிண்டோ உலக நாடகத் தொகுதிகளை வாங்கி, ஓராண்டுக் காலம் வேறு நினைவின்றிப் படித்தார். நாடகம் எப்படித் தொடங்குகிறது, முரண் எங்கே முளைக்கிறது, ஓர் உரையாடல் அடுத்ததை எவ்வாறு ஈன்றெடுக்கிறது என்று பகுத்துப் பார்த்தார். ஆனால் அவர் முன்னேறியதை முழுமையாகக் காணும் பேறு தாகாகோவுக்கு வாய்க்கவில்லை. 1943ஆம் ஆண்டு எலும்புருக்கி நோயால் அவர் இறந்தார்.

இங்கு ஒன்றை ஆசிரியர் என்ற முறையில் சொல்ல விரும்புகிறேன். மிசோகுச்சியின் கடுஞ்சொல்லைப் புகழ்ந்து, மாணவரைப் புண்படுத்துவதற்கு அதைச் சான்றாகக் காட்டுதல் பொருந்தாது. அச்சொல்லால் ஷிண்டோ வளர்ந்தார் எனில், வீட்டில் தேறுதல் சொல்ல ஒருவர் இருந்தமையும் அதற்குக் காரணம். கடிந்துரை குறையைக் காட்டியது. அன்பு அக்குறையை நீக்கும் பொறுமையைத் தந்தது. இரண்டும் சேர்ந்தே அவரை எழுத்தாளராக்கின. திறனில்லை என்று சொன்ன அதே மிசோகுச்சி, போருக்குப் பின் 1946ஆம் ஆண்டிலும் 1949ஆம் ஆண்டிலும் ஷிண்டோ பங்கேற்று எழுதிய திரைக்கதைகளைப் படமாக்கினார் என்பது பின்னர் நிகழ்ந்த வரலாறு.

நூறு பேரில் அறுவர்

1943ஆம் ஆண்டு ஷோச்சிக்கு என்னும் பெரிய நிறுவனத்தில் திரைக்கதை ஆசிரியராகச் சேர்ந்த ஷிண்டோவை, 1944ஆம் ஆண்டு போர் அழைத்தது. முப்பத்திரண்டு வயது, உடல் தேர்வில் கீழ்த்தரம் பெற்றவர். ஆயினும் ஆள்பற்றாக்குறையால் கடற்படையில் சேர்க்கப்பட்டார். அவருடைய பிரிவில் இருந்தவர்கள் 100 பேர். அவர்களுக்கு முதலில் இட்ட பணி, கட்டடங்களைத் துப்புரவு செய்தல். பின்னர்ச் சீட்டுக் குலுக்கினர். முதற்சீட்டில் 60 பேர் கப்பலேறினர். நீர்மூழ்கிக் கப்பலின் தாக்குதலில் மாண்டனர். அடுத்த சீட்டில் 30 பேர் நீர்மூழ்கிக் கப்பலுக்குச் சென்றனர்; அவர்களைப் பற்றிப் பிறகு செய்தியே இல்லை. மேலும் நால்வர் சரக்குக் கப்பலில் சென்று இறந்தனர். போர் முடிந்தபோது எஞ்சியவர் அறுவர். அவர்களுள் ஒருவர் ஷிண்டோ.

வீரத்தாலோ அறிவாலோ அவர் பிழைக்கவில்லை; சீட்டு அவர் பெயருக்கு விழாமையால் பிழைத்தார். இறந்த 94 பேரும் குடும்பம் உள்ளவர்கள். அவர்களை நம்பி வீடுகள் இருந்தன. நான் ஏன் இருக்கிறேன், அவர்கள் ஏன் இல்லை என்னும் வினா அவரை விட்டு நீங்கவேயில்லை. பிற்காலத்தில் அவர் எழுதியவற்றுள் பெரும்பகுதி அவ்வினாவுக்குச் செலுத்திய கடனே.

மலாயாவிலும் சிங்கப்பூரிலும் வாழ்ந்த நம் முன்னோர்க்கு ஜப்பானியப் படை என்றால் 1942 முதல் 1945 வரையிலான பசியும், சயாம் இரயில் பாதையில் மாண்ட நம் தோட்டத் தொழிலாளரும் நினைவுக்கு வருவது இயல்பு. அந்நினைவை விட்டுவிட வேண்டியதில்லை. அதே படை தன் நாட்டு எளிய மக்களின் உயிரையும் சீட்டுக் குலுக்கிச் செலவிட்டது என்பதையும் சேர்த்து அறியும்போதே போரின் முழு உருவமும் நமக்குப் புலப்படும்.

நிழலை விட்டு வெளியே

போருக்குப் பின் ஷோச்சிக்கு நிறுவனத்திற்குத் திரும்பிய ஷிண்டோவுக்கு, இயக்குநர் கோசாபுரோ யோஷிமுரா நெருங்கிய தோழரானார். 1947ஆம் ஆண்டு இருவரும் இணைந்து உருவாக்கிய ‘அஞ்சோ மாளிகையின் நடன விருந்து’ என்னும் படம், போரில் தோற்ற நாட்டில் பட்டமும் பதவியும் இழந்த ஓர் உயர்குடும்பம், மாளிகையை விற்குமுன் நடத்தும் கடைசி விருந்தைக் காட்டியது. வீட்டை இழத்தலின் வலியை அறிந்தவர் எழுதிய படம் அது. ‘கினிமா ஜும்போ’ என்னும் புகழ்பெற்ற திரைப்பட இதழ், அவ்வாண்டின் சிறந்த ஜப்பானியப் படமாக அதனைத் தேர்ந்தது.

புகழ் வந்த கையோடு நெருக்கடியும் வந்தது. 1949ஆம் ஆண்டு அவ்விருவரும் உருவாக்கிய மற்றொரு படம் வசூலில் தோற்றது. ஷிண்டோவின் எழுத்தில் வாழ்க்கையின் இருள் மிகுதியாக உள்ளது என்று நிறுவனத்தார் குறை கூறினர். ஒளியாக எழுதுக என்பது அவர்தம் விருப்பம். கணக்குப் புத்தகத்தை நோக்க, நிறுவனத்தார் சொன்னதில் நியாயம் இருந்திருக்கலாம். ஆனால், 94 பேரைக் கடலுக்குக் கொடுத்துவிட்டு வந்தவர் எவ்வாறு ஒளியை மட்டும் எழுதுவார்?

1950ஆம் ஆண்டு ஷிண்டோவும் யோஷிமுராவும் ஷோச்சிக்குவை விட்டு விலகினர். நடிகர் தாய்ஜி டொனோயாமா முதலியோருடன் சேர்ந்து ‘கிண்டாய் எய்கா கியோக்காய்’, அதாவது ‘நவீனத் திரைப்படக் கழகம்’ என்னும் சிறு நிறுவனத்தைத் தொடங்கினர்.

இம்முடிவின் கடினத்தை இன்றைய மாணவர் உணர வேண்டுமாயின், அன்றைய தொழிலமைப்பை அறிதல் வேண்டும். ஜப்பானில் பெரிய நிறுவனங்கள் படத்தையும் எடுத்தன. அதைத் திரையிடும் கொட்டகைகளையும் தம் கைக்குள் வைத்திருந்தன. இயக்குநர், நடிகர், எழுத்தாளர் அனைவரும் மாதச் சம்பளக்காரர். வெளியேறியவருக்குச் சம்பளம் இல்லை. படப்பிடிப்பு நிலையம் இல்லை. முயன்று ஒரு படத்தை எடுத்துவிட்டாலும் அதைக் காட்டுவதற்குக் கொட்டகை கிடைப்பது அரிது. இதற்கு ஷிண்டோ கண்ட வழி எளியது, ஆனால் உடலை வருத்துவது. பெரிய நிறுவனங்களுக்குத் திரைக்கதை எழுதி ஊதியம் ஈட்டுவார். தாம் எடுக்க விரும்பிய படங்களைத் தம் சிறு கழகத்தின் வழி எடுப்பார். கூலிக்கு எழுதிய கையே தன் நிலத்தையும் உழுதது.

1951ஆம் ஆண்டு தாயேய் நிறுவனத்தில் தம் முதற்படத்தை இயக்கும் வாய்ப்பு அவருக்குக் கிடைத்தது. ‘அன்பு மனைவியின் கதை’ என்னும் அப்படம், தாகாகோவுக்கு அவர் எழுப்பிய நினைவுச் சின்னம். மனைவியாக நடித்தவர் நொபுகோ ஒடோவா. அவர் அந்நாளைய பெருநட்சத்திரம். அவரும் பின்னர்ப் பெருநிறுவனத்தை விட்டு ஷிண்டோவின் கழகத்தில் சேர்ந்து, நாற்பதாண்டுகளுக்கு மேல் அவருடைய படங்களில் நடித்தார். 1970களின் இறுதியில் அவரை மணந்தார்.

பிள்ளைகள் எழுதிய கட்டுரைகள்

1945 முதல் 1952 வரை ஜப்பான் அமெரிக்கர் தலைமையிலான ஆட்சியின் கீழ் இருந்தது. அணுகுண்டின் விளைவுகளைப் பற்றி எழுதவும் காட்டவும் தணிக்கை தடையாயிருந்தது. இந்நிலையில், அராட்டா ஒசாடா என்னும் கல்வியாளர் ஒரு பணியைச் செய்தார். பெஸ்டலோசியின் கல்விக் கொள்கையை ஆராய்ந்தவர் அவர். அணுகுண்டில் தாமும் காயமுற்றவர். ஹிரோஷிமாவில் உயிர்பிழைத்த சிறுவர் சிறுமியர் எழுதிய நூற்றுக்கு மேற்பட்ட கட்டுரைகளைத் தொகுத்து, 1951ஆம் ஆண்டு நூலாக வெளியிட்டார். பள்ளிப் பிள்ளைகள் எழுதிய கட்டுரைகள் ஒரு நாட்டின் மனச்சான்றைத் தட்டி எழுப்பின என்பதை நாம் மறத்தலாகாது.

அந்நூலை அடியொற்றிப் படமெடுக்க ஜப்பானிய ஆசிரியர் சங்கம் முன்வந்தது. ஷிண்டோ எழுதி இயக்கிய ‘அணுகுண்டின் பிள்ளைகள்’, ஆட்சி ஜப்பானியர் கைக்கு மீண்ட 1952ஆம் ஆண்டிலேயே, குண்டு வீழ்ந்த ஆகஸ்டு 6ஆம் நாளன்று வெளியிடப்பட்டது. படத்தின் நாயகி ஓர் ஆசிரியை. குண்டு வீழ்ந்தபோது ஹிரோஷிமாவில் மழலையர் பள்ளியில் கற்பித்தவர்; இப்போது ஒரு தீவில் பணிபுரிபவர். கோடை விடுமுறையில் நகருக்குத் திரும்பி, தம்மிடம் பயின்றவர்களில் உயிரோடிருக்கும் மூவரைத் தேடிச் செல்கிறார். வழியில், தம் தந்தையிடம் முன்பு வேலை செய்த முதியவர் கண்ணொளி குன்றி, முகம் வெந்து, இரந்து வாழ்வதைக் காண்கிறார். அம்முதியவரின் பேரனைத் தம்மோடு அழைத்துச் சென்று வளர்க்க விரும்புகிறார். அவ்வாசிரியைக்கு ஷிண்டோ இட்ட பெயர் தாகாகோ.

படம் 1953ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது. ஆனால், பணி கொடுத்த ஆசிரியர் சங்கத்துக்கு நிறைவில்லை. அரசியல் உறுதி போதாது, கண்ணீர் மிகுந்துவிட்டது என்று கருதிய சங்கம், ஹிடேயோ செகிகாவா என்னும் வேறோர் இயக்குநரைக் கொண்டு ‘ஹிரோஷிமா’ என்னும் படத்தை 1953ஆம் ஆண்டு எடுத்தது. இவ்விரு படங்களில் எது சரி என்று வாதிடுவதற்கு இடமுண்டு. குண்டு வீழ்ந்த கணத்தின் கொடுமையை முழுவீச்சோடு காட்டியது செகிகாவாவின் படம். ஷிண்டோவோ, எஞ்சியவர் மறுநாள் எப்படிச் சோறுண்டார், யார் அவர்களுக்குக் கை கொடுத்தார் என்பதை எழுதினார். வீடு தோறும் சென்று பெயர் சொல்லி விசாரிக்கும் ஆசிரியை ஒருத்தியின் நடையே அவருடைய அரசியலாயிற்று. நிறுவனத்தின் விருப்பத்துக்கு வளையாத அவர், தமக்கு நெருக்கமான இயக்கத்தின் விருப்பத்துக்கும் முழுதாக வளையவில்லை.

சொல்லைத் துறந்த எழுத்தாளர்

அடுத்த சில ஆண்டுகளில் அவருடைய கழகம் எடுத்த படங்கள் பாராட்டைப் பெற்றன; பணத்தைப் பெறவில்லை. 1954ஆம் ஆண்டு மார்ச்சு முதல் நாள், பிக்கினித் தீவில் அமெரிக்கா நடத்திய நீரகக் குண்டுச் சோதனையின் நச்சுச் சாம்பல், 23 மீனவர் சென்ற ‘ஐந்தாம் ஃபுகுர்யு மாரு’ என்னும் படகின்மேல் பொழிந்தது. அவர்களுள் வானொலிப் பணியாளரான அய்க்கிச்சி குபோயாமா அவ்வாண்டு செப்டம்பரில் இறந்தார். இந்நிகழ்ச்சியை ஷிண்டோ 1959ஆம் ஆண்டு படமாக்கினார். மக்கள் கூட்டம் வரவில்லை. கழகம் கடனில் மூழ்கியது.

மூடுவதற்கு முன் இறுதியாக ஒரு படம் என்ற நிலையில் பிறந்ததுதான் ‘வெற்றுத் தீவு’. 1960ஆம் ஆண்டு வெளிவந்த இதற்கு ஆன செலவு ஏறத்தாழ 50 இலட்சம் யென். அந்நாளைய பெருநிறுவனப் படங்களோடு ஒப்பிட, இது மிகச் சிறு தொகை. பதினைந்து பேர்கூட இல்லாத குழு, செட்டோ உள்கடலில் உள்ள சுக்குனே என்னும் சிறு தீவில் ஏறத்தாழ ஒரு மாதம் படம்பிடித்தது.

அத்தீவில் ஒரு குடும்பம்: கணவன், மனைவி, இரண்டு சிறுவர்கள். தீவில் நன்னீர் இல்லை. பக்கத்துத் தீவிலிருந்து படகில் நீர் கொண்டுவந்து, காவடித் தடியின் இருபுறமும் வாளிகளைத் தொங்கவிட்டு, செங்குத்தான மேட்டில் சுமந்தேறி, வறண்ட மண்ணில் செடி செடியாக ஊற்ற வேண்டும். ஊற்றிய நொடியே மண் குடித்துவிடும். மீண்டும் இறங்க வேண்டும். ஒருமுறை மனைவி கால் தடுமாறி நீரைச் சிந்திவிட, கணவன் அவளை அறைந்துவிடுகிறான். நீரின் விலை நமக்கு அப்போது விளங்கும். மூத்த மகன் திடீரென நோயுற, மருத்துவர் கடல் கடந்து வருமுன் இறந்துபோகிறான். பள்ளித் தோழர்களும் ஆசிரியரும் படகில் வந்து அஞ்சலி செலுத்துகின்றனர். மறுநாளும் நீர் சுமக்க வேண்டும். சுமந்துவந்த நீரைத் தாய் கவிழ்க்கிறாள், செடிகளைப் பிடுங்குகிறாள், மண்ணில் விழுந்து அழுகிறாள். கணவன் பார்க்கிறான், ஒன்றும் சொல்லாமல் தன் வேலையைத் தொடர்கிறான். சற்றுக் கழித்து அவளும் எழுந்து நீரூற்றத் தொடங்குகிறாள்.

இப்படத்தில் உரையாடல் இல்லை. சொல்லையே தொழிலாகக் கொண்ட ஒருவர், தம் வாழ்வின் இக்கட்டான கட்டத்தில் சொல்லைக் கைவிட்டார். பலரும் நினைப்பதுபோல் திரைக்கதை என்பது உரையாடல் எழுதுவதன்று. வாளி, மேடு, வறண்ட மண், தளும்பும் நீர் ஆகியவற்றை எந்த வரிசையில் வைத்தால் ஒரு தாயின் துயரம் பார்ப்பவர் நெஞ்சில் இறங்கும் என்று வகுப்பதே அக்கலை. வெறும் கதைச் சுருக்கம் என்று மிசோகுச்சி கடிந்ததற்கு, இருபதாண்டுகளுக்குப் பின் அளிக்கப்பட்ட முழு விடை இப்படம் என்று கொள்ளலாம். அவ்விடையைக் காண மிசோகுச்சி உயிரோடு இல்லை. அவர் 1956ஆம் ஆண்டே மறைந்துவிட்டார். மேட்டில் நீர் சுமக்கும் பெண்ணின் உருவில், பிறர் வயலில் கூலிக்குக் குனிந்த தம் தாயாரையே ஷிண்டோ மீண்டும் நிறுத்தினார் என்று எண்ண இடமுண்டு.

1961ஆம் ஆண்டு மாஸ்கோ திரைப்பட விழாவில் ‘வெற்றுத் தீவு’ தலைமைப் பரிசைப் பகிர்ந்துகொண்டது. பல நாடுகள் படத்தை வாங்கின. கடன் அடைந்தது, கழகம் பிழைத்தது. பேச்சில்லாத படமாதலால் மொழி வேலியும் அதற்கு இல்லாமற் போயிற்று.

இருவகை உழைப்பு

பின்னர் ஷிண்டோ இயக்கிய ‘ஓனிபாபா’ (1964) போன்ற படங்கள், போரால் சூறையாடப்பட்ட காலத்தில் பசி மனிதரை என்ன செய்யும் என்பதை அச்சமூட்டும் கதை வடிவில் காட்டின. அதே ஆண்டுகளில் அவர் பிறருக்கும் இடைவிடாது எழுதினார். யசுசோ மசுமுரா இயக்கிய ‘செய்சாக்குவின் மனைவி’ (1965), செய்ஜுன் சுசுக்கி இயக்கிய ‘சண்டைப் புலம்பல்’ (1966) ஆகியன அவருடைய திரைக்கதைகளே. இறந்த எசமானுக்காக இரயில் நிலையத்தில் காத்திருந்த ஹச்சிகோ என்னும் நாயின் கதையை உலகம் அறியும். அக்கதையைக் கூறி, 1987ஆம் ஆண்டு ஜப்பானில் மாபெரும் வெற்றி பெற்ற படத்தின் திரைக்கதையும் அவர் எழுதியதே. 1970களில் ஜப்பானியத் திரைக்கதை ஆசிரியர் சங்கத்தின் தலைவராகவும் பல ஆண்டுகள் அவர் பணியாற்றினார்.

அவர் எழுதியன அனைத்தும் ஒரே தரத்தன அல்ல. இருநூறுக்கு மேல் எழுதியவரிடம் அதை எதிர்பார்த்தலும் முறையன்று. உணர்ச்சி மிகையானது என்ற குறையும் அவர்மேல் சிலமுறை சொல்லப்பட்டது. ஆயினும், கூலிக்கு எழுதியதிலும் கைத்திறத்தைக் குறைக்காமலும், தமக்கென எழுதியதில் கொள்கையைக் குறைக்காமலும் இருந்தமை அவருடைய தனிச்சிறப்பு.

கடன் தீர்த்த முதுமை

பலர் ஓய்வெடுக்கும் வயதில் ஷிண்டோ தம் கடன்களை ஒவ்வொன்றாகத் தீர்த்தார். முதலில் ஆசானுக்குரிய கடன்: மிசோகுச்சியோடு பழகியவர் பலரைத் தேடிச் சென்று பேட்டி கண்டு, 1975ஆம் ஆண்டு ஓர் ஆவணப்படம் எடுத்தார். தம்மை ஏற்க மறுத்தவரின் பெருமையையும் குறையையும் மறைக்காமல் பதிவு செய்த படம் அது. அடுத்து மாண்ட கலைஞர்க்குரிய கடன்: ஹிரோஷிமாவில் தங்கியிருந்தபோது அணுகுண்டுக்கு இரையான ‘சக்குரா’ நாடகக் குழுவினர் ஒன்பதின்மரின் இறுதி நாள்களை 1988ஆம் ஆண்டு படமாக்கினார்.

1990களின் நடுவில் ஒடோவா கல்லீரல் புற்றுநோயுற்றார். எஞ்சிய நாள்கள் சில என்று அறிந்த நிலையில், முதுமையைப் பற்றிய ‘பிற்பகல் உயில்’ என்னும் படத்தில் ஷிண்டோ அவரை நடிக்க வைத்தார். 1994ஆம் ஆண்டு டிசம்பரில் ஒடோவா மறைந்தார். படம் மறு ஆண்டு வெளிவந்தது. அவருடைய சாம்பலில் ஒரு பகுதி, இருவரும் நீர் சுமக்கும் படம் எடுத்த சுக்குனேத் தீவில் தூவப்பட்டது.

2008ஆம் ஆண்டு, தம் தொண்ணூற்றாறாம் வயதில், தாம் படித்த இஷியுச்சி கிராமப் பள்ளியையும் அங்குப் பாடஞ்சொன்ன ஆசிரியரையும் நினைந்து ஒரு படம் எடுத்தார். ஓய்வுபெறும் ஆசிரியரைச் சுற்றி, முப்பதாண்டுகளுக்குப் பின் பழைய மாணவர்கள் கூடுகின்றனர். போரும் குண்டும் அவர்களுள் யாரைக் கொண்டு சென்றன, யாரை எப்படி விட்டுவைத்தன என்பது அக்கூட்டத்தில் தெரியவருகிறது. வகுப்பறையில் வருகைப் பதிவேட்டை நாள்தோறும் வாசிக்கும் நமக்கு இக்காட்சியின் கனம் தனியே புரியும்.

எல்லாவற்றுக்கும் மூத்த கடன் ஒன்று எஞ்சியிருந்தது. கடற்படையில் உடனிருந்த ஒருவருக்கு அவர் மனைவி எழுதிய அஞ்சலட்டையை ஷிண்டோ கண்டிருந்தார். திருவிழா நாளில் கணவன் இல்லாத வெறுமையைச் சில சொற்களில் கூறிய அட்டை அது. அறுபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் நெஞ்சில் சுமந்த அவ்வட்டையை, ‘ஓர் அஞ்சலட்டை’ என்னும் படமாக எழுதி இயக்கினார். நூறு பேர், சீட்டுக் குலுக்கல், பிழைத்தவர் ஒருவர் இறந்தவரின் மனைவியிடம் அட்டையைக் கொண்டு செல்லுதல் என்பதே கதை. 2010ஆம் ஆண்டு தோக்கியோ திரைப்பட விழாவில் நடுவர் சிறப்புப் பரிசு பெற்ற இப்படம், மறு ஆண்டு திரையரங்குகளுக்கு வந்தது. அதுவே அவருடைய கடைசிப் படம். 2012ஆம் ஆண்டு மே 29ஆம் நாள், நூறு வயது நிறைந்து ஐந்து வாரங்களில் அவர் மறைந்தார். அவருடைய சாம்பலும் அத்தீவுக்கே சென்றது.

நாம் கொள்ளத்தக்கது

முன்னர் எழுப்பிய வினாக்களுக்கு இப்போது விடை கூறலாம். ஷிண்டோவுக்குச் சுதந்திரம் தேவைப்பட்டது தம் விருப்பம்போல் வாழ்வதற்கன்று. இறந்தவர்க்குப் பட்ட கடனைத் தீர்ப்பதற்கு. பெருநிறுவனம் அவர் எழுத்தின் இருளை நீக்கச் சொன்னபோது, அவ்விருளில் இருந்தோர் தாகாகோவும் தாயாரும் 94 தோழர்களுமே. அவர்களை விட்டுவிட்டு எழுத அவரால் இயலவில்லை. அதற்காக அவர் கொடுத்த விலை, சம்பளமும் வசதியும் மட்டுமன்று; அறுபதாண்டுகள் ஓயாமல் இரட்டை உழைப்பு உழைத்ததும் ஆகும்.

தனித்து நிற்றல் என்பது எவரையும் சாராமல் நிற்றல் என்று மாணவர் பொருள்கொள்ளலாகாது. ஷிண்டோவைச் சுற்றி ஒரு யோஷிமுராவும், ஒரு டொனோயாமாவும், ஓர் ஒடோவாவும் இருந்தனர். செலவைச் சுருக்கி, குழுவைச் சிறிதாக்கி, கிடைத்ததை வைத்துச் செய்தமையால்தான் அவர்களால் நிற்க முடிந்தது. இடவசதியும் நிதியும் குறைந்த பள்ளிகளில் தமிழ் கற்பிக்கும் நமக்கு இச்செய்தி புதிதன்று. ஆனால் ஊக்கம் தருவது.

எழுதப் பழகும் மாணவர்க்கு ஒன்று கூறுவேன். எதை எழுதுவது என்று தெரியவில்லையே என மயங்கும்போது, உங்கள் வீட்டில் யார் எதை இழந்தார், அவ்விழப்பை யார் இதுவரை எழுதவில்லை என்று கேட்டுப் பாருங்கள். ஹிரோஷிமாப் பிள்ளைகள் அப்படித்தான் எழுதினார்கள். ஷிண்டோவும் தம் தொண்ணூற்றெட்டாம் வயதுவரை அதைத்தான் எழுதினார்.